நாரையிடம் பாடம் கேட்டவர்

அவனியாபுரத்தை அடுத்த மதுரை விமான நிலையத்தில் ஆகாய விமானம் இறங்குவதை இப்போது யாரும் நின்று பார்ப்பதில்லை. வயல்வெளிக்கு மேலே நாரையொன்று இறக்கையை அசைக்காமல் வட்டமிடுவதையும் நாம் அண்ணாந்து பார்ப்பது அபூர்வம். அந்த நாரையை இமை கொட்டாமல் பார்த்த ஒரு மனிதரால்தான் விமானம் பிறக்க வழி ஏற்பட்டது.

அவர் பெயர் ஓட்டோ லிலியந்தால். 1848-ஆம் வருஷம் ஜெர்மனி தேசத்து ஆங்க்ளாம் என்னும் சிற்றூரில் பிறந்தவர், எஞ்சினீயர். மதுரையில் குளிரில் நடுங்கிய சத்திமுத்தப் புலவர் செங்கால் நாரையைத் தம் மனைவிக்குத் தூது விட்ட கதை நேயர்கள் அறிந்ததே. அதே இனத்து நாரையிடம் லிலியந்தால், தம்பி குஸ்தாவுடன் சேர்ந்து, பாடம் கேட்டார். இறக்கையின் வளைவில்தான் பறத்தலின் ரகசியம் இருக்கிறதென்று கணக்கிட்டு, 1889-ல் ஒரு நூலும் வெளியிட்டார்.

நூல் எழுதியதோடு அவர் நிற்கவில்லை. வில்லோ மரக் கொம்புகளில் பருத்தித் துணியைக் கட்டிச் சிறகு செய்தார். அதில் தொங்கிக்கொண்டு குன்றிலிருந்து ஓடிப் பாய்ந்தார். உடலை இப்புறமும் அப்புறமும் சாய்ப்பதே அவருக்குச் சுக்கான்! 1891 முதல் ஐந்து வருஷங்களில் சுமார் 2,000 தடவை பறந்தார். சில தடவை 250 மீட்டர் தூரம் வரையில் மிதந்து சென்றார். பெர்லினுக்கு அருகில் 15 மீட்டர் உயரத்தில் தமக்கென்று ஒரு மண்மேடே எழுப்பிக்கொண்டார்.

இத்தனையும் புகைப்படமாகியது என்பதே பெரிய விசேஷம். பறக்கும் நாரைகளை 1884-லேயே படம் பிடித்துப் புகழ் பெற்ற ஓட்டோமர் அன்ஷுட்ஸ் என்பவர், இந்த மனிதப் பறவையையும் படமெடுத்தார். மனிதன் பறந்தான் என்று வாயால் சொன்னால் உலகம் சிரிக்கும். படத்தைக் கண்டால் வாயடைத்துப் போகும். அப்படங்கள் பத்திரிகைகள் மூலம் கடல் கடந்து அமெரிக்காவையும் எட்டின.

1896 ஆகஸ்டு 9-ஆம் தேதி காற்று ஏமாற்றியது. சுமார் 15 மீட்டர் உயரத்திலிருந்து விழுந்த லிலியந்தால், மறுநாள் பெர்லினில் காலமானார். அந்தச் செய்திதான் அமெரிக்காவில் சைக்கிள் கடை வைத்திருந்த ரைட் சகோதரர்களின் ஆவலைக் கிளறிவிட்டது. உடலைச் சாய்ப்பது மட்டும் போதாது, சிறகையே முறுக்கித் திருப்பவேண்டும் என்று அவர்கள் கண்டார்கள். 1903 டிசம்பர் 17-ல் 12 விநாடி பறந்தபோது, முன்கூட்டியே காமிராவை நிறுத்தி வைத்திருந்தார்கள்!

நம் நாட்டிலும் துணிச்சல்காரர்கள் இல்லாமலில்லை. சென்னையில் ஓட்டல் நடத்திய டாஞ்செலிஸ் என்பவர், சிம்ப்ஸன் கம்பெனியில் விமானம் செய்வித்து 1910-ல் பல்லாவரத்தில் பறந்து காட்டினார். அவர் பெயரை இன்று நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

நம் பிள்ளைகள் மூங்கிலும் காகிதமும் கொண்டு ஏதேனும் செய்தால், "படிக்கிற வேலையைப் பார்" என்று அதட்டாதிருப்போம். எப்படிச் செய்தாய், எங்கே கோணலாயிற்று என்று கேட்டு, ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதிவைக்கச் சொல்வோம். எழுதிவைத்த தோல்வி அடுத்தவனுக்கு ஏணியாகும். எழுதாத வெற்றியோ செய்தவனோடு போய்விடும்.